குரலும் கிட்டாரும் ஒரே டேக்கில்: ஓர் ஆல்பத்தின் ஒலிப்பதிவுக் குறிப்புகள்

எட்டுப் பாட்டு, 38 நிமிடம். பாட்டெழுதி, மெட்டுப் போட்டு, கிட்டார் வாசித்துக்கொண்டே பாடுகிறவர் ஒருவர். பதிவும், பதிந்தவற்றை அளவாகக் கலக்கும் மிக்ஸிங்கும் என் பொறுப்பு. வயலின், பேஸ் கிட்டார், மூன்று பாட்டுக்கு மட்டும் டிரம்ஸ் என்று மற்றவர்கள் பிறகு வந்து சேர்ந்தார்கள். நிறுவனம் எதுவும் பின்னால் இல்லாமல், கைக்காசு போட்டு வீட்டு அறை ஒன்றில் செய்த ஆல்பம் இது. இதே வேலையில் இறங்கப் போகிறவர்களுக்குப் பயன்படட்டும் என்று, செய்த விதத்தையும் வெளியான பிறகு நடந்ததையும் எழுதி வைக்கிறேன்.

அவர் போனில் பாடி அனுப்பிய டெமோக்களைக் கேட்டபோதே பெரிய முடிவு ஒன்றை எடுத்துவிட்டோம். பல்லவியில் நிமிடத்துக்கு 72 தட்டாக இருக்கும் வேகம் இரண்டாவது சரணத்தில் 76-க்கு ஏறுகிறது, கடைசி வரியில் மறுபடி தளர்கிறது. சொல்லுக்குத் தக்கபடி குரல் போகிறது, குரலுக்குத் தக்கபடி கை போகிறது. தாளத்தைச் சீராகத் தட்டிக் காட்டும் கிளிக் டிராக் போட்டு முதலில் கிட்டார், அதன் மேல் குரல் என்று தனித்தனியாகப் பதிந்தால் அந்த ஏற்ற இறக்கம் மொத்தமும் போய்விடும். அதனால் குரலும் கிட்டாரும் ஒரே நேரத்தில், ஒரே டேக்கில், கிளிக் இல்லாமல். இதற்கு விலையும் உண்டு. ஒரு நரம்பு பிசகினால் குரலையும் சேர்த்துத் திரும்பப் பாட வேண்டும். குரல் மைக்கில் கிட்டார் விழும், கிட்டார் மைக்கில் குரல் விழும். அதைத் தெரிந்தே ஏற்றுக்கொண்டோம். பின்னால் வரும் எல்லா வேலையும் இந்த ஒரு முடிவைத் தாங்கிப் பிடிப்பதற்காகச் செய்ததுதான்.

அறை

மைக் வாங்குவதற்கு முன் அறையைச் சரிசெய்யுங்கள் என்று யார் கேட்டாலும் சொல்வேன். எங்கள் அறை 4.3 மீட்டர் நீளம், 3.4 அகலம், 2.9 உயரம். எதிரெதிர்ச் சுவர்களுக்கு இடையே ஒலி போய்த் திரும்பும்போது சில அதிர்வெண்கள் மட்டும் வீங்கும். கணக்குச் சுலபம்: ஒலியின் வேகமான நொடிக்கு 343 மீட்டரை, நீளத்தின் இரு மடங்கால் வகுக்க வேண்டும். நீளவாக்கில் 40 ஹெர்ட்ஸ் வருகிறது, அதன் இரட்டிப்பு 80. கிட்டாரின் தடித்த ஈ நரம்பு 82.4 ஹெர்ட்ஸ். அந்த நரம்பைத் தட்டும்போது மட்டும் அறையே சேர்ந்து உறுமியதற்குக் காரணம் இதுதான்.

பின்னால் ஈக்யூவில் (அதிர்வெண்வாரியாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் கருவி) 80 ஹெர்ட்ஸைக் குறைத்து இதைச் சரிசெய்ய முடியாது. அறை சேர்த்த வீக்கம் கொஞ்ச நேரம் இழுத்துக்கொண்டே இருக்கும், அளவைக் குறைத்தாலும் அந்த இழுவை போகாது. ஆனால் மைக்கை நகர்த்தலாம். நீளவாக்கிலான இரண்டாவது வீக்கத்துக்கு அறையின் கால் பங்கு தூரத்தில் அழுத்தம் ஏறக்குறைய இல்லாமல் போகும். சுவரிலிருந்து 1.07 மீட்டரில் மைக் வரும்படி நாற்காலியை இழுத்துப் போட்டோம். உறுமல் அடங்கிவிட்டது. நாற்காலிக் கால்கள் நிற்கும் இடத்தைத் தரையில் டேப் ஒட்டிக் குறித்துவிட்டேன். எட்டுப் பாட்டும் அங்கேதான் பதிவாயின.

உயர்ந்த அதிர்வெண்களின் எதிரொலிக்கு ராக்வூல் (பாறையிலிருந்து செய்யும் இழைப்பஞ்சு) பலகைகள். மரச்சட்டத்துக்குள் 10 சென்டிமீட்டர் தடிமனில் பலகையை வைத்து, துணி போர்த்தி, சுவரிலிருந்து இன்னொரு 10 சென்டிமீட்டர் தள்ளி மாட்டினோம். இந்த இடைவெளி செலவே இல்லாத லாபம். சுவரை ஒட்டினாற்போல் காற்றுத் துகள்கள் அசைவதில்லை. அலைநீளத்தின் கால் பங்கு தூரத்தில்தான் அசைவு அதிகம், உறிஞ்சுவதற்கு அங்கேதான் பொருள் இருக்க வேண்டும். 20 சென்டிமீட்டர் ஆழம் கிடைத்தால் மேலிருந்து சுமார் 400 ஹெர்ட்ஸ் வரை நன்றாகவும், அதற்குக் கீழே கொஞ்சம் கொஞ்சமாகவும் வேலை செய்யும். ஐந்து சென்டிமீட்டர் ஃபோம் ஒட்டினால் 1,700 ஹெர்ட்ஸுக்கு மேல்தான் முழுப் பலன். அந்த மாதிரி அறையில் பேசிப் பார்த்தால் மேல் ஒலி செத்து, அடி ஒலி மட்டும் குமுறிக்கொண்டிருக்கும். துணி வாங்கும்போது வாயருகே பிடித்து ஊதிப் பாருங்கள், மூச்சு அந்தப் பக்கம் போக வேண்டும். ராக்வூலை அறுக்கும்போது முகமூடியும் கையுறையும் கட்டாயம்.

அடுத்தது ரீங்காரம். ஹெட்போனில் மெல்லிய ‘ம்ம்ம்’ கேட்டுக்கொண்டே இருந்தது. அதிர்வெண் வரைபடத்தில் பார்த்தால் 50, 100, 150 ஹெர்ட்ஸ் என்று வரிசையாகக் கூர்முனைகள். மின்சாரம் 60 ஹெர்ட்ஸில் வரும் நாடுகளில் இது 60, 120, 180 என்று தெரியும். மடிக்கணினியின் சார்ஜரைப் பிடுங்கியதும் ரீங்காரம் நின்றது. கணினி ஒரு சுவர்ப் பிளக்கிலும், மைக்கைக் கணினியோடு இணைக்கும் இன்டர்ஃபேஸ் இன்னொன்றிலும் இருந்ததால் எர்த் வழியாக ஒரு சுற்று உருவாகியிருந்தது. எல்லாவற்றையும் ஒரே பவர் ஸ்ட்ரிப்பில் செருகி, நீளமான கேபிள்களை, வழியில் சேரும் இரைச்சலைத் தள்ளிவிடும் பேலன்ஸ்டு வகைக்கு மாற்றியதும் தீர்ந்தது. எர்த் பின்னைக் கழற்றிவிட்டால் போதும் என்று சிலர் சொல்வார்கள். செய்யவே செய்யாதீர்கள், உயிருக்கு ஆபத்து.

மைக்

வாய்க்கும் கிட்டாருக்கும் இடையே அரை மீட்டர்கூட இல்லை. முன்பக்க ஒலியை அதிகம் வாங்கும் சாதாரண கார்டியாய்ட் மைக் இரண்டு வைத்தால் இரண்டிலும் இரண்டும் விழும். கிட்டார் மைக்கில் விழும் குரல், குரல் மைக்கில் விழுவதைவிட 30 சென்டிமீட்டர் அதிகம் பயணித்து வந்தால் ஒரு மில்லி நொடிக்குக் கொஞ்சம் குறைவான தாமதம். இரண்டையும் சேர்க்கும்போது 570 ஹெர்ட்ஸ் பக்கத்தில் ஒரு பள்ளம், அதற்கு மேலே வரிசையாக இன்னும் பல பள்ளங்கள். குரல் குழாய்க்குள்ளிருந்து வருவதுபோல் கேட்கும்.

இதற்கு நாங்கள் பிடித்த வழி ‘ஃபிகர் எயிட்’ மைக். முன்னாலும் பின்னாலும் கேட்கும் இந்த மைக், பக்கவாட்டில் வரும் ஒலியைக் கிட்டத்தட்ட முழுவதும் விட்டுவிடும். கார்டியாய்டின் முதுகுப் பக்கத்தைவிட இந்தக் காதடைப்பு மிகத் துல்லியமானது. கிட்டார் மைக்கைக் கழுத்தும் உடலும் சேரும் இடத்தை நோக்கிக் கீழே சாய்த்து, அதன் பக்கவாட்டு வாய்க்கு நேரே வரும்படி திருப்பினோம். குரல் மைக்கை மேல்நோக்கிச் சாய்த்து, அதன் பக்கவாட்டு கிட்டாருக்கு நேரே. சரியான கோணத்தைக் கண்ணால் பிடிக்க முடியாது. அவர் கிட்டாரைக் கீழே வைத்துவிட்டுப் பாட, நான் கிட்டார் மைக்கை மட்டும் ஹெட்போனில் கேட்டபடி நூலிழை நூலிழையாகத் திருப்பினேன். ஓரிடத்தில் குரல் சட்டென்று தூரத்துக்குப் போய்விடும், அங்கே திருகை முடுக்க வேண்டியதுதான். பின்பக்கமும் கேட்கும் மைக் என்பதால் ஒவ்வொன்றின் முதுகுக்கும் ஒரு ராக்வூல் பலகையை நிறுத்தினோம்.

ஃபிகர் எயிட்டில் கிட்டப் போகப் போக அடி ஒலி பெருகும், கார்டியாய்டைவிட வேகமாகவே பெருகும். வாயிலிருந்து 20 சென்டிமீட்டருக்குக் குறையாமல் பார்த்துக்கொண்டோம். இன்னொரு தொல்லை ‘ப’. அவருடைய வரிகள் பாதிக்குமேல் ‘பாதை’, ‘பகல்’, ‘பெயர்’ என்றுதான் தொடங்கும். வரியின் முதல் எழுத்தில் மூச்சு முழு வேகத்தோடு வெளியே வருவதால் மைக்கில் ‘தொப்’பென்று ஒரு குத்து விழும். வாய்க்கும் மைக்குக்கும் நடுவே வைக்கும் பாப் ஃபில்டர் திரை பாதியைத்தான் தடுத்தது. மைக்கை நெற்றி உயரத்துக்கு ஏற்றி, கீழ்நோக்கி வாயைப் பார்க்க வைத்தால் அந்தக் காற்று அடியில் போய்விடும் என்பார்கள், எங்களுக்கோ மைக்கின் சாய்வை மாற்ற வழியில்லை. அதனால் பாடுகிறவரைக் கொஞ்சம் பக்கவாட்டில் திரும்பி உட்காரச் சொன்னோம். வாய்க்கு நேரே வரும் காற்று மைக்கின் தோளைத் தாண்டிப் போனது.

பதிவு 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ். பூஜ்யம் டெசிபல்தான் எல்லை; உச்சம் மைனஸ் 12-ஐத் தாண்டாமல் கெயினை, அதாவது மைக் ஒலியின் பெருக்கத்தை, வைத்தேன். சிவப்பைத் தொடும் அளவுக்கு ஏற்றிப் பதியும் பழக்கம் டேப் காலத்து மிச்சம். டேப்பின் இரைச்சலுக்கு மேலே நிற்க அன்றைக்கு அது தேவைப்பட்டது. 24 பிட்டுக்குக் கணக்குப்படி 144 டெசிபல் இடம் உண்டு. எந்த அறையின் அமைதியும் அதற்குக் கிட்டக்கூட வராது. குரல் திடீரென்று எழும்போது இடம் இருப்பதுதான் முக்கியம்.

டேக்குகளை வெட்டி ஒட்டும்போது ஒரு கண்டிப்பு வைத்துக்கொண்டோம்: குரல், கிட்டார் இரண்டு டிராக்கையும் சேர்த்தே வெட்டுவது, அதுவும் மூச்செடுக்கும் இடத்தில் மட்டும். கிளிக் இல்லாததால் ஒவ்வொரு டேக்கும் ஒவ்வொரு வேகம், வரிக்கு நடுவில் ஒட்டினால் காது உடனே கண்டுபிடித்துவிடும். எட்டில் மூன்று பாட்டில் வெட்டே கிடையாது. ஏழாவது பாட்டின் முடிவில் நாற்காலி லேசாக முனகும், அதையும் விட்டுவிட்டோம். அந்த டேக்கில் பாடியதுபோல் இன்னொரு டேக் கிடைக்கவில்லை.

மற்ற வாத்தியங்கள்

அலைபாயும் வேகத்தின் மேல் மற்றவர்கள் எப்படி வாசிப்பது? மென்பொருளில் ஒவ்வொரு தாளச் சுற்றின் தொடக்கத்தையும் கையால் குறித்து வேக வரைபடம் ஒன்று தயாரித்தேன். அதிலிருந்து கிளிக் எடுத்துக் கொடுத்தால் வயலின்காரர் வேண்டாம் என்றுவிட்டார். குரலின் மூச்சைக் கேட்டே எப்போது வில்லை இழுப்பது என்று அவருக்குத் தெரிகிறது. டிரம்மர் ஒரு படி மேலே போனார். பாட்டு வரிகளை மனப்பாடம் செய்து, வாய்க்குள் பாடிக்கொண்டே வாசித்தார். டிரம்ஸுக்கு மேலே இரண்டு மைக், காலால் அடிக்கும் பெரிய டிரம்மான கிக்குக்கு ஒன்று, அவ்வளவுதான். மேல் மைக் இரண்டும், குச்சியால் அடிக்கும் முக்கிய டிரம்மான ஸ்நேரின் நடுவிலிருந்து ஒரே தூரத்தில் இருக்கிறதா என்று கயிறு பிடித்து அளந்தோம். தூரம் வேறுபட்டால் ஸ்நேர் மெலிந்துவிடும்.

மிக்ஸிங்

டிரம்ஸில் தொடங்கி ஒவ்வொன்றாக ஏற்றுவது வழக்கம். நான் குரல், கிட்டார் இரண்டை மட்டும் வைத்துப் பாட்டு முழுமையாக நிற்கிறதா என்று பார்த்துவிட்டு, அதற்குத் துணை செய்யும் அளவுக்கு மட்டும் மற்றதைச் சேர்த்தேன். ஒரு வாத்தியத்தை நிறுத்திப் பார்த்துக் குறை தெரியவில்லையென்றால் அது அந்த இடத்தில் வேண்டாம். இப்படி வயலின் பல இடங்களில் போயிற்று. வாசித்தவரே கேட்டுவிட்டுச் சரி என்றார்.

குரலில் ஒரு விஷயத்தைத் தமிழில் பாடல் மிக்ஸ் செய்கிறவர்கள் எல்லோரும் கவனிக்க வேண்டும் என்று நினைக்கிறேன். இவர் குரலில் 2 கிலோஹெர்ட்ஸ் பக்கம் கொஞ்சம் கூர்மை உண்டு. மென்மையாக்கலாம் என்று அங்கே 3 டெசிபல் குறைத்தேன். குரல் இதமாகத்தான் இருந்தது. ஆனால் ‘வாழ்’ என்பது ‘வாள்’ போலக் கேட்கத் தொடங்கியது. ழகரத்தையும் ளகரத்தையும் பிரித்துக் காட்டும் அடையாளத்தில் பெரும்பங்கு அந்தப் பகுதியில்தான் இருக்கிறது. பாடகர் அவ்வளவு பாடுபட்டு உச்சரித்ததை ஒரு திருகில் அழிக்கக் கூடாது. அந்த வெட்டை எடுத்துவிட்டு, கூர்மை உறுத்தும் சில சொற்களில் மட்டும் அளவைக் கையால் இறக்கினேன். ‘ச’, ‘ஸ’ சீறும் இடங்களையும், சீறலைத் தானாகக் குறைக்கும் டி-எஸ்ஸர் போடாமல் அப்படியே கையால் செய்தேன். நேரம் பிடிக்கும் வேலைதான், ஆனால் எந்த எழுத்தும் மழுங்காது.

உரத்த இடங்களைத் தானாக அடக்கும் கம்ப்ரெஸர் 3:1 விகிதத்தில், ஊசி 3 டெசிபலுக்கு மேல் அசையாத அளவு. மிச்சத்தை, அளவைக் கையால் ஏற்றி இறக்கும் ஃபேடர் வரிவரியாகப் பார்த்துக்கொண்டது. கம்ப்ரெஸரை அழுத்தினால் முதலில் மேலே எழுவது மூச்சொலி. உடனே அதை வெட்டத் தோன்றும். ஒரு பாட்டில் அப்படி வெட்டிக் காட்டியபோது அவர் சொன்னது: “அண்ணா, அந்த மூச்ச மட்டும் எடுத்துடாதீங்க. அது இருந்தாதான் அடுத்த வரி எங்கேர்ந்து வருதுன்னு தெரியும்.” கேட்டுப் பார்த்தேன், உண்மைதான். மூச்சை எடுத்ததும் வரிகள் ஒன்றன்மேல் ஒன்று அடுக்கி வைத்ததுபோல் ஆகிவிட்டன. எல்லா மூச்சையும் திரும்பக் கொண்டுவந்தேன்.

அறையின் எதிரொலியைச் சேர்க்கும் ரிவெர்பில் 35 மில்லி நொடி முன்தாமதம் வைத்தேன். சொல் தெளிவாக விழுந்த பிறகே அறை ஒலிக்கும், சொல்லோடு கலந்து குழையாது. பேஸ் வேறு மாதிரித் தொல்லை கொடுத்தது. போன் ஸ்பீக்கரில் 200 ஹெர்ட்ஸுக்குக் கீழே ஏறக்குறைய எதுவும் கேட்காது, பேஸ் மொத்தமும் காணாமல் போய்விடும். பேஸ் டிராக்கை நகலெடுத்து லேசாகச் சிதைத்து, அடிப்பகுதியை வெட்டி, மெல்லமாகச் சேர்த்தேன். மேல் ஒத்திசைவுகளைக் கேட்டால் போதும், அடி ஸ்வரத்தை மூளையே நிரப்பிக்கொள்ளும்.

மிக்ஸ் முழுவதையும் பக்கத்தில் உட்கார்ந்து பேச முடிகிற சத்தத்தில்தான் செய்தேன். ஃப்ளெட்சர், மன்சன் என்ற ஆய்வாளர்கள் 1933-லேயே அளந்து காட்டியதுதான்: சத்தம் குறையும்போது காது அடி ஒலியையும் உச்ச ஒலியையும் குறைவாகக் கேட்கிறது. உரக்க வைத்து மிக்ஸ் செய்தால் எதுவும் பிரமாதமாகத்தான் இருக்கும். மெதுவாக வைத்தும் பாட்டு பிடித்து இழுத்தால் அந்த மிக்ஸை நம்பலாம்.

வரிசையும் மாஸ்டரிங்கும்

பாட்டுகளின் வரிசைக்குத்தான் எங்களுக்குள் அதிகம் பேச்சு நடந்தது. இசைத்தட்டு வெளியிடவில்லை என்றாலும், இரண்டு பக்கமாகவே யோசித்தோம். 33⅓ சுழற்சித் தட்டில் ஒரு பக்கத்துக்கு 20 நிமிடம் சொச்சம்தான் நன்றாகப் பிடிக்கும். அந்தக் கட்டுப்பாடு கேட்பவரின் கவனத்துக்கும் பொருந்துகிறது. நான்கு பாட்டு, ஒரு நீண்ட இடைவெளி, மறுபடி நான்கு. பாட்டுகளுக்கு இடையிலான அமைதியை ஒரே அளவாக வைக்காமல், முந்தைய பாட்டின் கடைசி ஒலி அடங்கும் விதத்தைப் பார்த்து ஒவ்வொன்றையும் காதாலேயே தீர்மானித்தோம்.

மிக்ஸ் முடிந்த பாட்டுகளை வெளியீட்டுக்குத் தயார்செய்யும் கடைசி வேலையான மாஸ்டரிங்கை வெளியாளிடம் கொடுத்தோம். மாதக்கணக்கில் கேட்ட காது எதையும் புதிதாகக் கேட்காது. நாங்கள் அவரிடம் கேட்டுக்கொண்டது ஒன்றுதான்: சத்தத்துக்காக எதையும் நசுக்க வேண்டாம். 2006-இல் வந்த ஐ.டி.யூ. (சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியம்) அளவுகோலின்படி சத்தத்தை எல்.யூ.எஃப்.எஸ். என்ற அலகில் சொல்கிறார்கள். ஸ்பாட்டிஃபை பாட்டுகளை மைனஸ் 14-க்கும் ஆப்பிள் மியூசிக் மைனஸ் 16-க்கும் சமன்செய்கின்றன. உச்சங்களை வெட்டி அடக்கும் லிமிட்டரில் பிழிந்து மைனஸ் 8-இல் கொடுத்தால் அங்கே இறக்கிவிடுவார்கள். சத்தமும் மிஞ்சாது, உயிரும் மிஞ்சாது. எங்கள் ஆல்பம் சுமார் மைனஸ் 15, உச்சம் மைனஸ் 1 டெசிபலில் நின்றது. முழு ஆல்பமாகக் கேட்கும்போது ஸ்பாட்டிஃபை ஆல்பம் மொத்தத்தையும் சேர்த்தே சமன்செய்வதால், மெல்லிய பாட்டு மெல்லியதாகவே இருக்கும்.

வெளியீடு

முதலில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டோம். பாட்டின் உரிமை வேறு, அந்த ஒலிப்பதிவின் உரிமை வேறு. இரண்டுக்கும் தனித்தனியாக எழுத வேண்டும், அதுவும் ஒரு பைசா வருவதற்கு முன்பே. ஒவ்வொரு பதிவுக்கும் அதை அடையாளம் காட்டும் 12 எழுத்துகள் கொண்ட ஐ.எஸ்.ஆர்.சி. எண், அட்டைப்படம் 3000-க்கு 3000 பிக்சல். ஆங்கில எழுத்தில் பாடகர் பெயருக்கும் பாட்டுத் தலைப்புக்கும் ஒரே எழுத்துக்கூட்டலை முடிவு செய்து, எல்லா இடத்திலும் அதையே கொடுத்தோம். ழகரத்தை ஓரிடத்தில் ஒருவிதமாகவும் இன்னோரிடத்தில் வேறுவிதமாகவும் எழுதினால் தேடுகிறவருக்கு இரண்டு பாடகர்கள் கிடைப்பார்கள். தலைப்பைத் தமிழெழுத்திலும் சேர்த்தோம். ஸ்பாட்டிஃபையின் பட்டியல் ஆசிரியர்களுக்கு ஒரு பாட்டைப் பரிந்துரைக்கலாம். அதை வெளியீட்டுக்கு ஏழு நாட்களுக்கு முன்பாவது செய்துவிட வேண்டும்.

பரிந்துரைத்தது மூன்றாவது பாட்டை, டிரம்ஸ் உள்ள ஒன்று. ஆனால் ஜனங்கள் பிடித்துக்கொண்டது ஏழாவதை. குரலும் கிட்டாரும் தவிர எதுவும் இல்லாத, வெட்டே இல்லாத அந்த டேக். எழுதியவர்களில் பலர் பாட்டு வரியையே எடுத்து எழுதினார்கள். வார்த்தை புரிகிறது என்று சொன்னவர்கள் நிறையப் பேர். நாற்காலி முனகுவதைக் கேட்டு ‘பக்கத்தில் உட்கார்ந்திருப்பதுபோல் இருக்கிறது’ என்று ஒருவர் எழுதியிருந்தார். ஃபிகர் எயிட் மைக்கோடு மல்லுக்கட்டிய மாலைகளுக்கு அந்த ஒரு வரி போதும்.

குறை சொன்னவர்களும் உண்டு. எல்லாப் பாட்டும் ஒரே நடையில் போகின்றன என்றார் ஒருவர். வேகத்தைப் பொறுத்தவரை அது சரி. ஆனால் அந்த வேகத்துக்குள் நடக்கும் அசைவுதான் இந்த ஆல்பம் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. இரண்டாவது பாட்டின் தொடக்கத்தில் 40 நொடி வயலின் மட்டும். கேட்பவர் எண்ணிக்கையைப் பார்த்தால் குரல் வருவதற்கு முன்பே நிறையப் பேர் தாண்டிப் போயிருந்தார்கள். 30 நொடி கேட்டால்தான் ஸ்பாட்டிஃபையில் ஒரு முறை கேட்டதாகக் கணக்கு. 2024 முதல், 12 மாதத்தில் 1,000 முறை கேட்கப்படாத பதிவுக்குப் பணமும் கிடையாது. ஆல்பத்தில் கைவைக்கவில்லை. குரலிலேயே தொடங்கும் வடிவம் ஒன்றைத் தனிப் பாட்டாக வெளியிட்டோம். இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன, வேண்டியதைக் கேட்கலாம். வருமானம் என்று பார்த்தால், கலைஞர்கள் தாங்களே இசையை விற்கும் இணையதளமான பேண்ட்கேம்பில் நேரடியாக வாங்கியவர்கள் கொடுத்ததுதான் அதிகம். டிஜிட்டல் விற்பனையில் அந்தத் தளம் எடுப்பது 15 சதவீதம், பணப் பரிமாற்றக் கட்டணமும் போக மிச்சம் கைக்கு வருகிறது. கேட்டதைவிடக் கூடுதலாகக் கொடுத்தவர்களும் உண்டு.

கடைசியாக வந்த கோரிக்கை எங்களை மறுபடி அறைக்கு இழுத்தது. ஏழாவது பாட்டைத் தாங்களே பாட வேண்டும், குரல் இல்லாத டிராக் கிடைக்குமா என்று சிலர் கேட்டார்கள். எல்லா டிராக்குகளையும் பாட்டின் ஒரே தொடக்கப் புள்ளியிலிருந்து தொடங்கும் வேவ் ஒலிக்கோப்புகளாக இரண்டு டிஸ்க்கில் வைத்திருந்தேன். குரலை நிறுத்தினால் கிட்டார் மைக்கில் அவர் குரல் தூரத்தில் மெல்லக் கேட்கிறது. ஒரே டேக்கில் பதிந்தால் அப்படித்தான் இருக்கும். அதனால் தரையில் டேப் ஒட்டிய இடத்தில் நாற்காலியைப் போட்டு, ஹெட்போனில் தன் குரலையே கேட்டபடி கிட்டாரை மட்டும் அவர் மறுபடி வாசித்தார். இரண்டாவது சரணத்தில் வேகம் ஏறும் இடத்தில் கை தானாகவே கூடப் போனது. அந்த டிராக்கும் இப்போது பேண்ட்கேம்ப் பக்கத்தில் இலவசமாக இருக்கிறது. சுருதியும், பாடத் தொடங்குவதற்கு முன் எத்தனை சுற்று வாசிப்பு வருகிறது என்பதும் அதனுடன் குறிப்பிட்டிருக்கிறோம்.